சொன்னால் சரிதான்

ஜூலை 1, செவ்வாய்

சங்க விழாவில் ஊமைப்படம் போடப்போகிறார்களாம். அதற்குத் தமிழ் எழுத என்னைச் சொல்லிவிட்டார் என் சீனியர் வக்கீல் குலசேகரன் சார்.

எங்கள் ஊர் வக்கீல் சங்கத்துக்கு இந்த மாதம் நூறு வயது. பழைய கட்டடத்தை ஒழுங்குபண்ணும்போது பீரோவுக்குப் பின்னால் தகர டப்பாவில் ஒரு படச்சுருள் கிடைத்தது. எந்த வெள்ளைக்கார முன்சீப் விட்டுப்போனதோ. சார் சங்கச் செயலாளர். அதைச் சென்னைக்கு அனுப்பி, கம்ப்யூட்டரில் ஓடும்படி மாற்றி வாங்கியிருக்கிறார். சாயங்காலம் கட்சிக்காரர்கள் போனபிறகு சேம்பரில் எனக்குப் போட்டுக் காட்டினார்.

சின்னப் படம்தான். ஒரு நீதிபதி. பகலில் மேசையைத் தட்டித் தட்டி, இரவு விடுதியில் ஆடும் பெண்களுக்கு அபராதம் போடுகிறார். பொழுது சாய்ந்ததும் ஒட்டுத்தாடி வைத்துக்கொண்டு அதே விடுதியில் முன் மேசையில் உட்கார்ந்திருக்கிறார். ஆடுகிறவளின் பாவாடையைக் கைத்தடி நுனியால் தூக்குகிறார். அவள் கோபத்தில் தாடியைப் பிடித்து இழுக்க, தாடி அவள் கையோடு போய்விடுகிறது. மறுநாள் போலீஸ் அவளைக் கொண்டுவந்து அவர் முன்னாலேயே நிறுத்துகிறது. அவர் சட்டப் புத்தகத்தால் முகத்தை மறைத்துக்கொண்டே அவளுக்குத் தண்டனை கொடுக்கிறார். கடைசியில் கோர்ட்டின் பின்வாசல் வழியாக, புதுத் தாடியோடு, துள்ளிக்கொண்டு விடுதிக்கு ஓடுகிறார். அவ்வளவுதான்.

"நடுநடுவுல வசனம் எழுதின இங்கிலீஷ் அட்டை வரும்போதெல்லாம் நீ திரைக்குப் பக்கத்துல நின்னு தமிழ்ல வாசிக்கணும்" என்றார் சார்.

"நான் வேண்டாம் சார். மேடைன்னா எனக்குப் பேச்சு வராது."

"பேச வேணாம் பாப்பா. வாசி. பொம்பளக் குரல்ல கேட்டாத்தான் இந்தப் படத்துக்கு ஒரு இது வரும்."

குமாஸ்தா சீனிச்சாமி அண்ணன் சிரித்தார்.

கைத்தடி வருகிற இடத்தில் எனக்குக் குமட்டியது. மதியம் சாப்பிட்ட புளிச்சோறாக இருக்கும். படத்தை நிறுத்த, சார் என் தோளுக்கு மேலாகக் கையை நீட்டினார். கம்ப்யூட்டரை அவர் பக்கம் திருப்பியும் நிறுத்தியிருக்கலாம். அவர் எப்போதும் ஏலக்காய் மெல்லுவார்.

ஜூலை 2, புதன்

நாற்காலியை ஜன்னலோரம் போட்டுக்கொண்டேன். அங்கே வெளிச்சம் நன்றாக இருக்கிறது.

ஜூலை 4, வெள்ளி

அழகர்ராஜா வந்திருந்தார். செங்கல் சூளை வைத்திருப்பவர். அவர் ஊர்க் கோயில் விழாக் குழுவுக்கு அவர்தான் தலைவர். வரும்போது ஒரு பை மாம்பழம்.

நான் ஜூனியராகச் சேர்ந்ததும் முதலில் டைப் அடித்தது இவருடைய மனுவைத்தான். பங்குனிப் பொங்கலுக்கு ஆடல் பாடல் நிகழ்ச்சி நடத்த அனுமதி கேட்கும் மனு. 'நிகழ்ச்சியில் ஆபாசம் இருக்காது, பெண் கலைஞர்களின் கண்ணியம் முழுமையாகக் காக்கப்படும் என மனுதாரர் உறுதி கூறுகிறார்.' அந்த வரியை நான்தான் எழுதினேன். 'முழுமையாக' என்ற சொல்லை நானாகச் சேர்த்தேன். சார் பாராட்டினார். அனுமதி கிடைத்தது.

அந்த நிகழ்ச்சியில் ஆட வந்த சகாயமேரி என்ற பெண்ணை, மேடைக்குப் பின்னால் ஜெனரேட்டர் வண்டிப் பக்கம் இழுத்துக்கொண்டு போனார் என்று அழகர்ராஜா மேல் இப்போது வழக்கு. மனுவை நடத்திய சார்தான் இதையும் நடத்துகிறார். அடுத்த புதன்கிழமை சகாயமேரி சாட்சி சொல்ல வருகிறாள். அவளிடம் கேட்கவேண்டிய குறுக்குக் கேள்விகளை நான் எழுதிக் கொடுக்கவேண்டும்.

"கண்ணியத்துக்கு டைப் அடிச்ச பிள்ள இதுதானா?" என்று கேட்டார் அழகர்ராஜா.

"இதேதான்" என்றார் சார். "நம்ம பாப்பாவுக்குக் கைதான் பேசும். வாய் பேசாது."

"பொம்பளப் பிள்ளைக்கு அதுதான் அழகு" என்றார் அவர். என் பக்கம் ஒரு மாம்பழத்தை உருட்டிவிட்டார். அது மேசையில் உருண்டு வந்து கேஸ் கட்டுகளுக்கு நடுவில் நின்றது. நான் அதைத் தொடவில்லை. போகும்போது சீனிச்சாமி அண்ணன் தன் மகளுக்கென்று எடுத்துக்கொண்டு போனார்.

ஜூலை 5, சனி

படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்து அட்டைகளை எழுதினேன். சுலபமான இங்கிலீஷ். நீதிபதிக்குத்தான் அதிகம். போலீஸ்காரனுக்கு இருக்கிறது. விடுதிக்காரனுக்கு இருக்கிறது. வாசலில் நிற்கும் குதிரைவண்டிக்காரனுக்குக்கூட ஒரு வரி. அந்தப் பெண்ணுக்கு மட்டும் ஒன்றுமே இல்லை.

ஆனால் அவள் பேசுகிறாள். கூண்டில் நிற்கும்போது நீதிபதியைப் பார்த்து என்னவோ சொல்கிறாள். உதட்டை ஒரு பக்கமாகக் கோணிக்கொண்டு, முகவாயைத் தூக்கி. சட்டென்று படம் வெட்டி அட்டை வருகிறது. அது அவளுடைய அட்டை இல்லை, நீதிபதியுடையது: 'குற்றவாளி ஒப்புக்கொண்டாள்!'

அவள் முகத்தைப் பார்த்தால் ஒப்புக்கொண்ட முகமாக இல்லை.

திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். என்ன சொன்னாளோ. வீட்டுக்கு வந்து கண்ணாடி முன்னால் நின்று அதேபோல் உதட்டைக் கோணிப் பார்த்தேன். அம்மா குளியலறையிலிருந்து வந்துவிட்டாள். பல் வலியா என்று கேட்டாள்.

ஜூலை 7, திங்கள்

"சார், கூண்டுல அந்தப் பொண்ணு பேசுற இடத்துக்கு என்ன எழுத?"

"அட்டை இருக்கா?"

"இல்ல சார்."

"அட்டை இல்லாட்டி வசனம் இல்ல. அவ என்னத்தச் சொன்னா என்ன? சிரிப்பு அடுத்த அட்டையிலதான இருக்கு."

ஜூலை 9, புதன்

சகாயமேரியைப் பார்த்தேன். நான் நினைத்ததுபோல் இல்லை. ஒல்லி. காட்டன் சேலை, ரப்பர் செருப்பு. மேடையில் ஷைனி என்று பெயராம். கூண்டில் ஏறியதும் முன்கட்டையை முந்தானையால் துடைத்துவிட்டுக் கை வைத்தாள்.

கோர்ட்டில் சாட்சி பேசுவதை அப்படியே எழுதமாட்டார்கள். சாட்சி சொல்வதைக் கேட்டு, நடுவர் அம்மா (மாஜிஸ்திரேட்) தன் வாக்கியத்தில் சொல்லச் சொல்லத் தட்டச்சர் அடிப்பார். குறுக்கு விசாரணையில் இன்னும் விசேஷம். வக்கீல் ஒரு வாக்கியம் சொல்வார். சாட்சி ஆமாம் என்றால், அந்த வாக்கியம் முழுவதையும் சாட்சியே சொன்னதாக எழுதி 'என்று சொன்னால் சரிதான்' என்று முடிப்பார்கள். இல்லை என்றால் 'என்று சொன்னால் சரியல்ல.' சாட்சி சொன்னது ஒரு சொல். தாளில் ஏறுவது வக்கீலின் பேச்சு. கல்லூரியில் இதைப் படித்தபோது வேடிக்கையாக இருந்தது.

அரசு வக்கீல் கேட்டதற்கெல்லாம் சகாயமேரி நன்றாகவே சொன்னாள். எதிரி (கோர்ட்டில் குற்றம் சாட்டப்பட்டவருக்கு அதுதான் பெயர்) கையைப் பிடித்து இழுத்ததையும், வளையல் உடைந்து கிழித்ததையும், கூட ஆடிய பையன்கள் ஓடிவந்ததையும் சொன்னாள். பிறகு சார் எழுந்தார். நான் எழுதிக் கொடுத்த முதல் கேள்வி.

"பாக்குறவங்களப் பாத்து சிரிச்சு, கண்ணடிச்சு ஆடுறதுதான உங்க தொழிலு?"

"சரிதான்!" என்றாள் அவள். முகவாயைத் தூக்கி, நீட்டி. "ஆடுறது எந் தொழிலு சார். கண்ணடிக்கிறதெல்லாம் முன் வரிசையில உக்காந்திருக்க ஆளுக தொழிலு."

கோர்ட்டே சிரித்தது. பெயர் கூப்பிடும் டவாலி வாயைப் பொத்திக்கொண்டார். சார் சிரிக்கவில்லை. "சரிதான்னு சொல்றாங்க மேடம்" என்றார், மிகவும் பணிவாக.

நடுவர் அம்மாவின் மேசையில் ஆள் உயரத்துக்குக் கட்டுகள். வேறொரு கட்டில் கையெழுத்துப் போட்டுக்கொண்டே சொன்னார்: "பார்ப்பவர்களைப் பார்த்துச் சிரித்து, கண்ணடித்து ஆடுவது என் தொழில் என்று சொன்னால் சரிதான்."

தட்டச்சர் அடித்தார்.

இரண்டு கேள்விக்குப் பிறகு மதியமாகிவிட்டது. மீதிக் குறுக்கு விசாரணைக்கு இருபத்துமூன்றாம் தேதி வாய்தா. சாட்சியத்தைச் சாட்சிக்குப் படித்துக் காட்டித்தான் கையெழுத்து வாங்கவேண்டும். பெஞ்ச் கிளார்க்குக்கு அடுத்த கேஸைக் கூப்பிடும் அவசரம். கூண்டுக்குப் பக்கத்தில் நின்ற என் கையில் தாள்களைத் திணித்தார். "ஏம்மா, கையெழுத்து வாங்கிக் குடுத்துரு."

"இங்க போடுங்க" என்றேன் நான்.

"என்ன எழுதியிருக்கு?" என்றாள் சகாயமேரி.

"நீங்க சொன்னதுதான்."

அவள் போட்டாள். ஒவ்வொரு தாளிலும், நான் விரல் வைத்துக் காட்டிய இடத்தில். நன்றி என்று சொல்லிவிட்டுப் போனாள்.

ஜூலை 10, வியாழன்

கோட்டைத் துவைத்தேன். தோள்பட்டையை மட்டும் இரண்டாம் முறை.

ஜூலை 13, ஞாயிறு

வெள்ளையடிப்பு வேலை இல்லாததால் அப்பா, மிச்சமிருந்த பெயிண்டில் வாசல் கதவில் என் பெயரைப் புதுப்பித்தார். 'பாண்டிச்செல்வி, பி.ஏ., பி.எல்.' போன தடவை 'ண்'ணுக்கு ஒரு சுழி குறைந்துவிட்டது. இந்தத் தடவை என்னிடம் எழுதி வாங்கிப் பார்த்துப் போட்டார். எங்கள் தெருவில் பெயர் எழுதிய கதவு இது ஒன்றுதான். தபால்காரருக்குக்கூட அது தேவைப்பட்டதில்லை.

அம்மா மிளகாய் வத்தல் குடோனிலிருந்து வந்து, கை எரிச்சலுக்கு மோரில் விரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் டீ போட்டேன்.

"ஏலக்கா ஒண்ணு தட்டிப் போடு."

"வேணாம்மா."

"உனக்குப் பிடிக்குமேடி."

"இப்பப் பிடிக்கல."

மோரிலிருந்து விரலை எடுத்தாள். "அந்த வக்கீலு நல்ல மனுசந்தான? மகளாட்டம் பாத்துக்கிறாருல்ல?"

"ஆமாம்மா."

ஜூலை 15, செவ்வாய்

எழுதிய வசனங்களைச் சாரிடம் காட்டினேன். மேசைக்கு எதிர்ப்பக்கம் நின்றே காட்டினேன். அப்படி நின்றால் தாள் இருவருக்கும் தெரியும். சார்தான் எழுந்து இந்தப் பக்கம் வந்தார்.

சிவப்புப் பேனாவில் ஒன்றே ஒன்றைச் சேர்த்தார். கூண்டில் அந்தப் பெண் வாய் திறக்கும் இடம். நான் கேட்டபோது வசனமே இல்லை என்ற இடம். 'சரிதான் சாமி! கூப்பிட்டா வரமாட்டேன்னா சொன்னேன்?'

"சார், இது படத்துல இல்ல."

"சபைக்கு ஒரு கலகலப்பு வேணும்ல? வக்கீல்க ரூம்ல ஒரு வாரமா இந்த 'சரிதான்'தான் ஓடுது."

சீனிச்சாமி அண்ணன் கூண்டில் நிற்பதுபோல் நின்று, முகவாயைத் தூக்கி, "சரிதான்!" என்று சகாயமேரி மாதிரி சொல்லிக் காட்டினார். சாருக்குச் சிரிப்பில் புரையேறிவிட்டது. தண்ணீர் எடுத்துக் கொடுத்தேன். தம்ளரை வாங்கும்போது விரலையும் சேர்த்து வாங்கினார்.

"சிரியேம்மா. எப்பப் பாரு கேஸ் தோத்த மாதிரி மூஞ்சி."

சிரித்தேன் என்று நினைக்கிறேன்.

ஜூலை 17, வியாழன்

பேருந்து நெரிசலாக இருந்தது. கோட்டு எண்பது சதவீதம் பாலியஸ்டர். வியர்வை நாற்றம் போகவே மாட்டேன் என்கிறது. சோப்பை மாற்றவேண்டும்.

ஜூலை 20, ஞாயிறு

நேற்று எழுதமுடியவில்லை.

சங்க மண்டபத்தில் பந்தல், மாலை, பொன்னாடை. பொன்னாடை மட்டும் ஒரு மணி நேரம் போர்த்தினார்கள். முன் வரிசையில் நடுவர் அம்மாவும் மற்ற நீதிபதிகளும். பின்னால் எல்லாம் கறுப்புக் கோட்டு. அழகர்ராஜாவும் வந்திருந்தார், சாப்பாட்டுச் செலவு அவருடையதாம். விளக்கை அணைத்தபோது மூன்றாவது வரிசையில் அவர் பல் மட்டும் வெள்ளையாகத் தெரிந்தது.

நான் திரைக்குப் பக்கத்தில், ஒலிபெருக்கி முன்னால். முதல் அட்டைக்குக் குரல் வரவில்லை. "சத்தமா, சத்தமா" என்று பின்னாலிருந்து கத்தினார்கள். பிறகு வந்தது. எனக்கே தெரியாத குரல்; கணீரென்று இருந்தது. நீதிபதியின் வசனத்துக்குக் கைதட்டினார்கள். கைத்தடி வந்தபோது விசில் அடித்தார்கள். காலையில் ஒழுக்கம் பற்றிக் கோர்ட்டில் முழங்கும் ஆட்கள், தினமும் எனக்கு வணக்கம் சொல்கிறவர்கள், என் அப்பா வயது. அந்த நீதிபதியைப் பார்த்துத்தான் சிரிக்கவேண்டும். படம் எடுத்தவன் அதற்காகத்தான் எடுத்திருக்கிறான். இவர்கள் அவளைப் பார்த்துச் சிரித்தார்கள்.

கூண்டு வந்தது. அவள் முகவாயைத் தூக்கினாள். உதட்டைக் கோணினாள்.

நான் வாசிக்காமல் இருந்திருக்கலாம். ஒரு நொடிதான். படம் போய்விட்டிருக்கும். இருட்டில் சாரின் கனைப்புக் கேட்டது. வாசித்தேன்.

"சரிதான் சாமி! கூப்பிட்டா வரமாட்டேன்னா சொன்னேன்?"

மண்டபம் இடிந்துவிடும்போல் இருந்தது. மேசையைத் தட்டினார்கள். "ஒன்ஸ்மோர்" என்றார்கள். அழகர்ராஜா எழுந்து நின்றே கைதட்டினார். அந்தச் சத்தத்தில் அடுத்த அட்டையை நான் வாசித்தது யாருக்கும் கேட்டிருக்காது: குற்றவாளி ஒப்புக்கொண்டாள்.

விளக்கு போட்டதும் பார்த்தேன். நடுவர் அம்மா மட்டும் சிரிக்கவில்லை. சிரித்தவர்களையும் பார்க்கவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சார் மேடையேறி வந்து எல்லார் முன்னாலும் என் தோளைப் பிடித்துக்கொண்டார். "நம்ம ஜூனியர்! வாயே திறக்கமாட்டா. இன்னைக்கு எப்படித் திறந்தா பாத்தீங்களா?" புகைப்படம் எடுத்தார்கள். சாப்பாட்டில் பால்பாயசம். ஏலக்காய் மிதந்தது. கை கழுவும் இடத்தில் போய் வாந்தி எடுத்தேன்.

வெயில் ஒத்துக்கொள்ளவில்லை என்று அம்மாவிடம் சொன்னேன்.

ஜூலை 21, திங்கள்

சகாயமேரிக்கான மீதிக் கேள்விகளைச் சாரே எழுதினார். என்னைப் படிக்கச் சொன்னார்.

கடைசிக் கேள்வி: 'எதிரி கூப்பிட்டதும் நீங்களாகவே சிரித்துக்கொண்டு ஜெனரேட்டர் வண்டிப் பக்கம் போனீர்கள்.'

"அவங்க இல்லன்னுதான சார் சொல்லுவாங்க?"

"சொல்லமாட்டா." சார் ஒரு ஏலக்காயை உரித்தார். "அவளக் கோபப்படுத்தணும். கோபம் வந்தா வாயில முதல்ல என்ன வரும்? நீயே மைக்ல சொன்னியே."

எனக்குப் புரிந்துவிட்டது. புரியாததுபோல் நின்றேன்.

"அந்த ஒரு வார்த்தை தாள்ல ஏறிருச்சுன்னா கேஸ் முடிஞ்சது பாப்பா. நாம ஒண்ணும் பொய் சொல்லல. அவ வாயால சொன்னதுதான்."

ஜூலை 22, செவ்வாய்

ரேஷன் கடைக்குப் போனேன். பருப்பு இல்லை. இரவு படத்தை இன்னொரு முறை பார்த்தேன், கூண்டு வரும் இடத்தை மட்டும்.

ஜூலை 23, புதன்

நிதானமாக எழுதவேண்டும்.

சார் அவளை நன்றாகக் கோபப்படுத்தினார். எத்தனை ஊரில் ஆடியிருக்கிறாய், புருஷன் ஏன் விட்டுப்போனான், உடையை யார் தைத்துக் கொடுப்பது என்று கேட்டுக்கொண்டே போனார். நடுவர் அம்மா ஒரு முறை, "கேஸுக்கு வாங்க" என்றார். "வந்துட்டேன் மேடம்" என்றார் சார். எதிரிக் கூண்டில் அழகர்ராஜா கைகட்டி நின்றார், கோயிலில் நிற்பதுபோல.

"எதிரி கூப்பிட்டதும் நீங்களாவே சிரிச்சுக்கிட்டு ஜெனரேட்டர் வண்டிப் பக்கம் போனீங்க."

"சரிதான்!" என்றாள் சகாயமேரி. அதே முகவாய். அதே உதடு. "நானாப் போனேனாக்கும்! போயிட்டு நானே வளையல ஒடச்சுக்கிட்டு..."

"சரிதான்னு சொல்லிட்டாங்க மேடம். வேற கேள்வி இல்ல." சார் உட்கார்ந்துவிட்டார். வக்கீல்கள் பெஞ்சில் யாரோ கனைத்துச் சிரிப்பை அடக்கினார்கள். அரசு வக்கீல் அடுத்த கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார். வெளியே வேறு கேஸுக்குக் கூட்டிவந்த ஒருவன் போலீஸோடு சண்டை போட, நடுவர் அம்மா வாசலைப் பார்த்துக்கொண்டே சொல்லி முடித்தார். எதிரி கூப்பிட்டதும் நானாகவே சிரித்துக்கொண்டு ஜெனரேட்டர் வண்டிப் பக்கம் போனேன் என்று சொன்னால் சரிதான்.

தட்டச்சு இயந்திரம் கக்கிய தாள்களைப் பெஞ்ச் கிளார்க் என் கையில் கொடுத்தார். போன தடவை மாதிரியே. "கையெழுத்து வாங்கிரும்மா."

கூண்டுப் பக்கம் போனேன். சகாயமேரி என்னைத் தெரிந்தவள்போல் சிரித்தாள். பேனாவை அவளே கேட்டு வாங்கினாள். "எங்க போடணும்?"

"இருங்க" என்றேன். "படிச்சுக் காட்டுறேன்."

முதல் வரிக்குக் குரல் வரவில்லை. பிறகு வந்தது. சனிக்கிழமை மண்டபத்தில் வந்த அதே குரல். கோர்ட்டில் அது இன்னும் பெரிதாகக் கேட்டது. வாசலில் சண்டை போட்டவன்கூட நிறுத்திவிட்டான். ஒவ்வொரு வரியாக வாசித்தேன். கடைசி வரியை வாசித்து, 'சரிதான்' என்று முடித்தேன்.

"என்னது?" சகாயமேரி பேனாவை மூடினாள். "நானாப் போனேன்னா? நான் எப்பச் சொன்னேன்?"

"என்ன அங்க?" என்றார் நடுவர் அம்மா.

"மேடம்." தாளை அவர் பக்கம் நீட்டினேன். "சாட்சிக்குப் படிச்சுக் காட்டினேன். கடைசி வாக்கியத்த மறுக்கிறாங்க."

சார் எழுந்தார். என்னைப் பார்க்கவில்லை. "மேடம், சாட்சி சரிதான்னு சொன்னத இந்தக் கோர்ட்டே கேட்டுச்சு."

"சொன்னீங்களா?" என்று கேட்டார் நடுவர் அம்மா.

"சொன்னேம்மா. சரிதான்னா சரின்னு மட்டுமா அர்த்தம்?" சகாயமேரி கூண்டுக் கட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். "பஸ்ல ஒருத்தன் வேணும்னே மேல வந்து விழுந்துட்டு, கூட்டமா இருக்கும்மாங்கிறான். சரிதான்டான்னு சொல்லமாட்டீங்களா நீங்க? அதுக்கு, விழுந்துக்கோடான்னா அர்த்தம்?"

காவலுக்கு நின்ற பெண் போலீஸ் பக்கென்று சிரித்துவிட்டார். வேறு யாரும் சிரிக்கவில்லை.

நடுவர் அம்மா கண்ணாடியைக் கழற்றினார். அவரும் ஒரு காலத்தில் பேருந்தில் வந்துபோனவராகத்தான் இருக்கவேண்டும். அவளைப் பார்த்தார். பிறகு என்னை. "சனிக்கிழமை படத்துக்கு வாசிச்சது நீங்கதான?"

"ஆமா மேடம்."

"அந்த வசனம் நீங்க எழுதினதா?"

சாரின் முதுகு எனக்கு நேரே இருந்தது. "நான் எழுதல மேடம். நான் வாசிச்சேன்."

அவர் கண்ணாடியைத் திரும்ப மாட்டினார். தட்டச்சர் பக்கம் திரும்பி, மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். "நானாகவே போனேன் என்று சொன்னால் சரியல்ல. எதிரி என் கையைப் பிடித்து இழுத்துச் சென்றார். அதில் என் வளையல் உடைந்தது. படித்துக் காட்டியதன்பேரில் திருத்தப்பட்டது."

சகாயமேரி கையெழுத்துப் போட்டாள். "போன தடவ எழுதினதும் இப்படித்தான் இருக்குமா?" என்று என்னிடம் தணிந்த குரலில் கேட்டாள்.

ஆமாம் என்றேன். அதில் அவள் கையெழுத்து இருக்கிறது. என் விரல் காட்டிய இடத்தில் இருக்கிறது. அவள் என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். பேனாவை என் கையில் கொடுத்துவிட்டு இறங்கிப் போனாள்.

தாழ்வாரத்தில் சார் காத்திருந்தார். சீனிச்சாமி அண்ணன் பக்கத்தில் நின்று அறிவிப்புப் பலகையைப் படித்துக்கொண்டிருந்தார். ஒரு மாதமாக அங்கே புது அறிவிப்பு எதுவும் இல்லை.

"யாருக்கு ஜூனியர் நீ?"

"படிச்சுக் காட்டணும்னு சட்டம் சார்."

கத்துவார் என்று நினைத்தேன். அவர் சிரித்தார். போகிற வருகிறவர்கள் வணக்கம் வைத்தார்கள்; எல்லாருக்கும் பதில் வைத்துக்கொண்டே இன்னொரு கையை என் தோளில் போட்டார். விரல் கழுத்துப் பக்கம் வந்தது. "சின்னப் பிள்ள. தெரியாமப் பண்ணிட்ட. நாளைக்கு வரும்போது சிரிச்ச முகமா வா. ஒண்ணுமே நடக்கலன்னு வச்சுக்குவோம்."



நகர்ந்தேன். கை அந்தரத்தில் நின்றது. சேம்பருக்குப் போய் என் டிபன் பாக்ஸையும் புத்தகங்களையும் எடுத்துக்கொண்டேன். ஜன்னலோரம் கிடந்த நாற்காலியைப் பழைய இடத்துக்குத் தள்ளவில்லை. அது அங்கேயே இருக்கட்டும்.

வீட்டுக்கு வந்தபோது, மதியச் சாப்பாட்டுக்குக் குடோனிலிருந்து வந்திருந்த அம்மா ஒரு கையால் தும்மலை அடக்கிக்கொண்டு, ஒரு கையால் குழம்பைக் கிண்டிக்கொண்டிருந்தாள். பகலிலேயே வந்துவிட்டதைப் பார்த்தாள். பையைப் பார்த்தாள். திறந்து கிடந்த கதவில் அப்பா எழுதிய பெயர் உள்ளிருந்தே தெரிந்தது.

"வேலைய விட்டுட்டியா?"

"விட்டுட்டேன்."

"எதுனா பேசிட்டாரா? பேசினாப் பேசிட்டுப் போறாரு. பெரிய மனுசங்க." கரண்டியைத் தட்டினாள். "என்ன இருந்தாலும் அவரு நல்ல மனுசந்தானடி?"

"அப்படிச் சொன்னா சரியில்லம்மா" என்றேன்.

அம்மா திரும்பி என்னைப் பார்த்தாள். அடுப்பை அணைத்தாள். வத்தல் நெடி அடிக்கும் கையை முந்தானையில் நன்றாகத் துடைத்துவிட்டு, என் எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"நீ சொல்லு" என்றாள்.